ஏகாம்பரம் அண்ணன் இறந்த நாள்

தொலைக்காட்சித் தொடர் வேலைக்குப் புதிதாக வந்திருக்கும் தம்பி தங்கைகளே, என்னைப் பார்க்க வருகிறவர்கள் எல்லாரும் ஒரே கேள்வியைத்தான் கேட்கிறீர்கள். அந்தக் காலத்தில் அவ்வளவு குறைந்த வசதியில் எப்படி சார் எடுத்தீர்கள் என்று. எடுத்தோம், அவ்வளவுதான். தயாரிப்பு நிர்வாகி என்றால் வேன் சொல்வது, சாப்பாடு சொல்வது, வராத நடிகரை வீட்டுக்குப் போய் எழுப்புவது. இதெல்லாம் ஒரு மாதத்தில் உங்களுக்கே பழகிவிடும். யாரை எந்த நேரத்தில் விட்டுவிட வேண்டும் என்று தெரிவதற்குத்தான் நாளாகும். எனக்கு அதைச் சொல்லிக் கொடுத்தது, வடசென்னை விம்கோ நகரில் பாடையில் படுத்திருந்த ஒரு மனிதர். அந்தக் கதையைச் சொல்கிறேன், சிரித்துக்கொண்டே கேளுங்கள்.

இரண்டாயிரம் பிறந்த புதிது. எங்கள் தொடரில் நாலு ஏக்கர் நிலம், ஒரு கிணறு, இரண்டு மகன்கள், அவர்களுக்கு நடுவே ஒரு தகப்பன். அண்ணன் வரப்பை ஒரு முழம் தள்ளிப்போட்டான் என்று தொடங்கிய சண்டையை நாங்கள் வருஷக்கணக்காக இழுத்துக்கொண்டிருந்தோம். கதை மதுரைப் பக்கம். எடுத்தது விம்கோ நகரில், மூடிக் கிடந்த ஒரு தொழிற்சாலைக்குப் பின்னால் இருந்த காலி மனையில். அங்கே நாலைந்து ஓட்டு வீடுகளும் ஒரு வேப்பமரமும் இருந்தன. கொஞ்சம் நாற்றைக் கொண்டுவந்து நட்டோம், இரண்டு மாட்டைக் கட்டினோம், மதுரை வந்துவிட்டது. கேமரா கொஞ்சம் இடப்பக்கம் திரும்பினால் புகைபோக்கி தெரியும், வலப்பக்கம் திரும்பினால் கும்மிடிப்பூண்டி ரயில் தெரியும். ரயில் நேரம் எங்கள் நடிகர்களுக்கு வசனத்தைவிட நன்றாகத் தெரியும். ஆவேசமாகக் கையை ஓங்கியவர் அப்படியே நிற்பார், வண்டி போனதும் விட்ட இடத்திலிருந்து அடிப்பார்.

தகப்பனாக நடித்தவர் ஏகாம்பரம் அண்ணன். துறைமுகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர், வீடு தண்டையார்பேட்டை. தொழிலாளர் நாடகங்களில் முப்பது வருஷம் ராஜா வேஷம் கட்டியவர் என்பதால் மீசையும் குரலும் அவரோடு பிறந்தவை போல இருந்தன. "ஏலே, மண்ணை வித்துத் தின்னவன் வீட்டுல விளக்கெரியாதுடா" என்று மதுரைத் தமிழில் அவர் கர்ஜித்தால் லைட் பாய்கள் வரைக்கும் உறைந்து நிற்பார்கள். கட் சொன்ன அடுத்த நொடி, "இன்னா மேனேஜர் சார், நாஷ்டா வந்துச்சா இல்லியா?" என்பார்.

அவருக்கு ஒரே மகள், கலையரசி. ராயபுரத்தில் ஓர் அலுவலகத்தில் வேலை பார்த்தாள். பெரம்பூர் ரயில்வே ஒர்க்‌ஷாப்பில் வேலை செய்யும் ஒரு பையனின் ஜாதகம் வந்து, பார்த்துப் பேசி, இரண்டு பேருக்கும் பிடித்தும் போயிற்று. பையனின் அப்பா தட்சிணாமூர்த்திக்குத்தான் பிடிக்கவில்லை. அவரும் அதே ஒர்க்‌ஷாப். முகத்தில் மாவு பூசிக்கொண்டு கூத்தாடுகிறவன் வீட்டில் பெண் எடுத்தால் நாலு பேர் சிரிப்பார்கள் என்பது அவர் கவலை. வருகிறேன் வருகிறேன் என்று இரண்டு முறை தட்டிக் கழித்துவிட்டு, கடைசியாக ஒரு நாள் குறித்திருந்தார். அது எங்கள் தொடரில் ஏகாம்பரம் அண்ணன் சாக வேண்டிய நாள்.

காலையில் மேக்கப் போடும்போதே என்னைக் கூப்பிட்டார்.

"சார், இன்னிக்கு சாயங்காலம் அந்தப் பெரம்பூர்காரரு வர்றாரு. வேணும்னா வேணும், வேணாம்னா வேணாம்னு ஒரே பேச்சா பேசிட்டுப் போயிடுவாரு. மூணு மணிக்கு என்ன வுட்ருங்க. பொண்ணு ரெண்டு நாளா சரியா சாப்புடல."

"கவலைப்படாதீங்கண்ணே, சீக்கிரமா சாவடிச்சு அனுப்பிடறேன்" என்றேன்.

"உங்க வாய்ல சக்கர போடணும்" என்று கையெடுத்துக் கும்பிட்டார்.

அன்றைய காட்சி இதுதான். தகப்பன் பாடையில் கிடக்கிறார். கொள்ளிச்சட்டியை யார் ஏந்துவது என்று மகன்கள் இரண்டு பேரும் அடித்துக்கொள்கிறார்கள், ஏனென்றால் சட்டி ஏந்தியவனுக்கே நிலம் என்று ஊர் பேசும். பின்னணியில் ஒரு சுவர். அதில் நாலைந்து கண்ணீர் அஞ்சலி போஸ்டர் வேண்டும் என்று இயக்குநர் ஆசைப்பட்டார். நூறுக்குக் குறைந்து அடிக்க மாட்டோம் என்று அச்சகத்தில் சொல்லிவிட்டார்கள். சரி, நூறு அடித்தோம். மீசையோடு ஏகாம்பரம் அண்ணன் பெரிதாகச் சிரிக்கும் படம், கீழே கதையில் அவருக்கு இருந்த பெயர், "பெரிய வீட்டு சங்கரலிங்கம் அவர்கள்." அதற்கும் கீழே ஆழ்ந்த துயரத்தில் ஊர்ப் பொதுமக்கள்.

ஒட்டுவதற்கு வண்ணாரப்பேட்டையிலிருந்து முனுசாமி என்பவரை வரவழைத்திருந்தோம். கட்சிக்காரர்களுக்கும் சினிமாவுக்கும் ஒட்டியே தலை நரைத்தவர். முதல் நாள் மாலை வந்தார், சுவரைப் பார்த்தார், பசை கரைத்தார். ஆர்ட் டைரக்டர் போகிற போக்கில், "எல்லாத்தையும் ஒட்டிடுப்பா" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். இந்த ஒரு வார்த்தையை நீங்கள் கவனிக்க வேண்டும். நம் ஆளிடம் அப்படிச் சொன்னால் அந்தச் சுவரை நினைத்துக்கொள்வான். முனுசாமி தொழில்காரர். கட்டு தீரும் வரை ஒட்டுவதுதான் அவர் தர்மம். சுவரில் ஒட்டியது போக மீதியை சைக்கிளில் கட்டிக்கொண்டு, வீட்டுக்குப் போகிற வழியெல்லாம், திருவொற்றியூர், டோல்கேட், தண்டையார்பேட்டை என்று வரிசையாக ஒட்டிக்கொண்டே போயிருக்கிறார். தண்டையார்பேட்டையில் நல்ல சுவர் நிறைய இருந்ததாம்.

எங்களுக்கு இது எதுவும் தெரியாது. காலையில் அண்ணனைப் பாடையில் படுக்க வைத்து, மூக்கில் பஞ்சு வைத்து, நெற்றியில் காசு ஒட்டி, தாடையைக் கட்டி, கால் கட்டைவிரல் இரண்டையும் சேர்த்துக் கட்டி, முகம் தெரிகிற ஷாட்டுகளை எடுத்துக்கொண்டிருந்தோம். பொழுது நண்பகலைத் தாண்டியிருக்கும். கேட்டைத் தாண்டி ஒரு டிவிஎஸ் ஐம்பது தள்ளாடி வந்து விழுந்தது. அதிலிருந்து எழுந்த மனிதர் தொப்பி கழன்றது தெரியாமல் ஓடிவந்து, கூட்டத்தை விலக்கிக்கொண்டு பாடையின் மேல் விழுந்தார்.

"டேய் ஏகாம்பரம்! என்ன வுட்டுட்டுப் போய்ட்டியேடா! நேத்துதானடா தோஸ்து ரெண்டு பேரும் ஒண்ணா டீ குட்ச்சோம்!"

காதர் பாய். அண்ணனோடு துறைமுகத்தில் வேலை பார்த்தவர், ராயபுரத்துக்காரர். எனக்கு அவரைத் தெரியும், இயக்குநருக்குத் தெரியாது. அவர் மானிட்டரில் கண்ணை வைத்தபடி என் தொடையைத் தட்டினார்.

"யாருய்யா இந்த ஆர்ட்டிஸ்ட்? பிரமாதமா அழறாரே! கட் பண்ணாதீங்க, க்ளோஸ் போங்க, க்ளோஸ் போங்க."

கேமராவும் கிட்டே போனது. பாய் மார்பில் அடித்துக்கொண்டு அழுதார். பிணத்தின் கண்ணோரத்தில் தண்ணீர் கசிந்தது. கடைசியில் பிணத்தால் தாங்க முடியவில்லை.

"பாய்," என்றது, தாடைக்கட்டோடு பல்லைக் கடித்தபடி. "அயாத பாய். நான் நல்லாதான் கீறேன். ஷாட்டு போய்கினு கீது."

காதர் பாய் வாயைப் பிளந்தபடி ஒரு நொடி நின்றார். பிறகு ஓங்கி ஓர் அறை விட்டார் பாருங்கள், நெற்றிக் காசு பறந்து போய்விட்டது. அறைந்த கையாலேயே கட்டிக்கொண்டு மறுபடியும் அழுதார். அந்த அழுகையை எழுத எனக்குத் தெரியவில்லை. சுற்றி நின்ற எங்கள் கண்ணெல்லாம் கலங்கிவிட்டது.

பாய் மூச்சு வாங்கிச் சொன்னதிலிருந்துதான் விஷயம் புரிந்தது. காலையில் தெரு முழுக்க அண்ணன் முகம். கண்ணீர் அஞ்சலி போஸ்டரில் பெயரை யார் படிக்கிறார்கள்? படித்த ஒருவரும், சங்கரலிங்கம் என்பதுதான் ஒரிஜினல் பெயர் போலிருக்கிறது என்று விளக்கம் சொல்லியிருக்கிறார். ஜனம் வீட்டுக்கு ஓடியிருக்கிறது. வாசலில் கோலம் போட்டுக்கொண்டிருந்த அண்ணனின் மனைவி பச்சையம்மாள் நிமிர்ந்து பார்த்து, "இன்னிக்கு சாவப் போறேன்னு காலைலயே சொல்ட்டுதானே போனாரு" என்று சாதாரணமாகச் சொல்லியிருக்கிறார். அவ்வளவுதான். முன்கூட்டியே தெரிந்திருக்கிறது மகராசனுக்கு என்று தெருவே ஓலமிட்டிருக்கிறது. அது சீரியல் போட்டோ, எங்கப்பா உயிரோடுதான் இருக்கிறார் என்று கலையரசி ஒவ்வொருவரிடமாகக் கத்தியிருக்கிறாள். பெண்ணுக்கு அதிர்ச்சியில் புத்தி கலங்கிவிட்டது என்று அவள் தலையில் தண்ணீர் தெளித்திருக்கிறார்கள். உடம்பு இன்னும் படப்பிடிப்பு இடத்தில்தான் கிடக்கிறது என்று யாரோ சொல்ல, பாய் வண்டியை இங்கே விரட்டியிருக்கிறார்.

"வாசல்ல பந்தல் போட்டுட்டானுங்கடா. மேளம் வந்துட்ச்சு," என்றார் பாய். "யாரோ பெரம்பூருக்கும் போன் பண்ணிட்டான். அந்தாளு லீவு போட்டுகினு மாலையோட கெளம்பிட்டாராம்."

அண்ணன் பாடையில் எழுந்து உட்கார்ந்தார். சம்பந்தம் பேச வர வேண்டியவர் துக்கம் விசாரிக்க வருகிறார். வந்து பார்த்தால் இறந்தவர் உயிரோடு இருப்பார். கூத்தாடிப் புத்தி என்று தெருவில் நின்று சொல்லிவிட்டுப் போனால், அந்தப் பெண்ணுக்கு இந்த இடம் இல்லை. இது பாடையைச் சுற்றி நின்ற எல்லாருக்கும் புரிந்தது.

ஆனால் எனக்கு இன்னொரு பக்கமும் தெரியும். மறுநாள் காலை டேப் சேனலுக்குப் போயாக வேண்டும். மகன்களாக நடித்த இரண்டு பேரும் அன்று சாயங்காலமே வேறு ஊருக்கு விமானம் ஏறுகிறார்கள். ஊர்வல ஷாட்டுகள் அப்படியே பாக்கி. "இன்னும் ஒரு மணி நேரம் குடுங்க, எல்லாத்தையும் முடிச்சுடறேன்" என்றார் இயக்குநர். கெட்டவர் இல்லை, பயந்தவர். அண்ணனோ அதைவிட மோசம். "தொழில் மொதல்ல சார். நீங்க எடுங்க" என்று மறுபடியும் படுக்கப் போனார்.

தம்பிகளே, படப்பிடிப்புத் தளத்தில் எல்லாரும் உங்கள் முகத்தைப் பார்க்கும் ஒரு நிமிடம் வரும். அந்த நிமிடத்தில் ஷாட்டுக்கு என்ன வேண்டும் என்று யோசிக்காதீர்கள், அதை யோசிக்க இயக்குநர் இருக்கிறார். எதற்கு மாற்று இருக்கிறது, எதற்கு இல்லை என்று மட்டும் பாருங்கள். பிணத்துக்கு டூப் போடலாம். பெண்ணைப் பெற்றவனுக்குப் போட முடியுமா? நான் சுற்றிலும் பார்த்தேன். போஸ்டரை நன்றாக ஒட்டியிருக்கிறோமா என்று பெருமையாகப் பார்க்க வந்த முனுசாமி, வேப்பமரத்தடியில் பீடி பிடித்துக்கொண்டிருந்தார்.

"முனுசாமி, இங்க வந்து படு."

"நானா? நான் இன்னா சார் தப்பு பண்ணேன்? ஒண்ணுகூட மிச்சம் வெக்கலியே!"

"அதுக்குத்தான். படு."

இன்னொரு மாலையை அவர் மூக்கு வரை ஏற்றி, வயிற்றில் ஒரு தலையணையைக் கட்டினோம். மேலிருந்து பார்த்தால் அண்ணனேதான். இயக்குநர் மானிட்டரைப் பார்த்து, கீழே பார்த்து, மறுபடி மானிட்டரைப் பார்த்து, சரி என்று தலையாட்டினார்.

பிணமாக நடித்தவர் எழுந்ததும் கேமராவைப் பார்த்துச் சிரித்துவிட்டுத்தான் இறங்க வேண்டும் என்பது நம் தொழில் வழக்கம், உங்களுக்கும் சொல்லியிருப்பார்கள். அந்த அவசரத்திலும் கேமராமேன் அதை விடவில்லை. மகள் கல்யாணம் முறியப் போகிறது என்கிற பயத்தோடு அண்ணன் கேமராவைப் பார்த்துச் சிரித்த அந்தச் சிரிப்பை என்னால் பார்க்க முடியவில்லை. சிரித்துவிட்டு இறங்கி ஓடப் பார்த்தார். கால்விரல் கட்டை அவிழ்க்க மறந்துவிட்டோம். பாய் மேலேயே விழுந்தார்.

வேனில் நான், பாய், அண்ணன் மூன்று பேரும் போனோம். வழி நெடுகச் சுவருக்குச் சுவர் அவருடைய முகம். கொஞ்ச தூரம் பார்த்துக்கொண்டே வந்த அண்ணன், "ஒயுங்காத்தான் ஒட்டிக்கீறான் சார்," என்றார். பாய் முதலில் சிரித்தார். அப்புறம் மூன்று பேராலும் சிரிப்பை அடக்க முடியவில்லை.

தெருமுனையிலேயே கூட்டம். துறைமுகத்து ஆட்கள், மீன் மார்க்கெட் பெண்கள், ரிக்‌ஷாக்காரர்கள், மசூதித் தெருக்காரர்கள், வியாசர்பாடியிலிருந்து வந்த நாடகக்காரர்கள். வேன் கதவைத் திறந்து, விபூதியும் மாலையுமாக ஏகாம்பரம் அண்ணன் கீழே இறங்கினார். முதல் வரிசை அலறிக்கொண்டு பின்வாங்கியது. ஒருவர் சாக்கடைத் திட்டிலிருந்து உள்ளேயே விழுந்துவிட்டார். கலையரசி கூட்டத்தைப் பிளந்துகொண்டு ஓடிவந்து அப்பா கையைப் பிடித்துத் தூக்கிக் காட்டினாள்.

"பாத்துக்கோங்க! நல்லா பாத்துக்கோங்க! காலைலேர்ந்து கரடியா கத்துறேன், என்ன பைத்தியம்னீங்களே!"

மேளக்காரர் குச்சியைத் தூக்கியபடி நின்றார். "அண்ணே, வந்துட்டோம். அடிக்கவா, வேணாமா?"

"அடிடா!" என்றார் அண்ணன்.

சாவுக்கு வந்த மேளம் அந்த இடத்திலேயே தாளத்தை மாற்றியது. அழுதுகொண்டிருந்த ஜனம் அழுத கண்ணோடு ஆடத் தொடங்கியது. நானும் ஆடினேன் என்பதை மறைக்க விரும்பவில்லை. அந்த ஆட்டத்துக்கு நடுவில்தான் மாலையும் கையுமாகத் தட்சிணாமூர்த்தி வந்து நின்றார், பக்கத்தில் அவர் மகன்.

மேளம் நின்றது. அவர் முகம் சிவந்திருந்தது.

"இன்னாங்க இது? செத்துட்டீங்கன்னு போன் வருது. வேலைய அப்படியே போட்டுட்டு ஓடி வரேன். ஊரக் கூட்டி வெச்சு நாடகம் ஆடுறீங்களா?"

பக்கம் பக்கமாக வசனம் பேசுகிற ஏகாம்பரம் அண்ணன் கைகூப்பி மட்டும் நின்றார். விளக்கம் சொல்ல நான் ஓரடி முன்னால் போனேன். அதற்குள் மீன் மார்க்கெட் அம்மா ஒருவர் புகுந்துவிட்டார்.

"யாருய்யா நாடகம் ஆடுனது? யாவாரத்த அப்டியே போட்டுட்டு ஓடியாந்துக்கீறேன். அயுது அயுது கண்ணு வீங்கிக் கீது பாரு, இது நாடகமா? எம்மவனுக்கு வலிப்பு வந்தப்போ ஆட்டோ கெடைக்காம, தோள்ல போட்டுகினு ஆஸ்பத்திரிக்கு ஓடுனவருய்யா இந்த மனுசன்!"

"எங்க நைனா செத்தப்போ மொத ஆளா வந்து தூக்குனவரு" என்றது இன்னொரு குரல். பிறகு யார் என்ன சொல்கிறார்கள் என்றே தெரியாத அளவுக்கு ஆளாளுக்குச் சொன்னார்கள். நான் வாயை மூடிக்கொண்டு அந்த ஓரடியைப் பின்னால் எடுத்து வைத்தேன். அன்று நான் செய்த நல்ல காரியங்களில் அதுவும் ஒன்று. உண்மையை ஜனம் சொல்லிக்கொண்டிருக்கும்போது நிர்வாகிக்கு அங்கே வேலை இல்லை.

தட்சிணாமூர்த்தி கூட்டத்தை ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை பார்த்தார்.

"இவங்கல்லாம் உங்க சொந்தமா?" என்று கேட்டார்.

"சொந்தம்னு இல்லீங்க," என்றார் அண்ணன் மெதுவாக. "தெரிஞ்சவங்க."

தட்சிணாமூர்த்தி மறுபடி பேசியபோது குரல் இறங்கியிருந்தது.

"எங்களுக்குத் திண்டிவனம் பக்கம். ரெண்டு காணி நெலத்துக்காக எங்கப்பாவும் சித்தப்பாவும் கோர்ட்டுக்குப் போனாங்க. ஊரே ரெண்டாப் போச்சு. அப்பா செத்தன்னிக்குத் தூக்க நாலாவது ஆள் இல்ல. அடுத்த தெருவுல கூடப்பொறந்த தம்பி கதவ சாத்திக்கிட்டு ஒக்காந்திருந்தாரு. வண்டிக்காரனைக் கெஞ்சித் தூக்கிட்டுப் போனேன். அன்னிக்கு ஊர வுட்டு வந்தவன்தான்." சட்டைக் கையால் முகத்தைத் துடைத்தார். "தெரிஞ்சவங்கன்னு சொல்றீங்க. தெரிஞ்சவங்களே இத்தினி பேருன்னா, இந்த வூட்ல பொண்ணு எடுக்க நான் யோசிச்சேன் பாருங்க, என்னச் சொல்லணும்."

பிறகு மகன் பக்கம் திரும்பி, கையிலிருந்த மாலையை அவனிடம் கொடுத்தார்.

"இதை எங்கயாவது போட்டுட்டு, வெத்தல பாக்கு வாங்கியா. பூ, பழமும் வாங்கியா. ஓடு."

அவன் ஓடிய ஓட்டத்தைப் பார்த்துத் தெருவே விசில் அடித்தது. கலையரசி உள்ளே ஓடிவிட்டாள். ஏகாம்பரம் அண்ணன் தட்சிணாமூர்த்தியின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு தேம்பித் தேம்பி அழுதார். சாவு வீட்டில் அடுப்பு மூட்டக்கூடாது என்று பக்கத்து வீட்டுக்காரர்கள் ஊருக்கே சோறு வடித்து வைத்திருந்தார்கள். அதையே பந்தலில் இலை போட்டுப் பரிமாறினார்கள். துக்கத்துக்கு வந்த அத்தனை பேரும் நிச்சயதார்த்தச் சாப்பாடு சாப்பிட்டார்கள்.

டேப் மறுநாள் சரியாகப் போய்ச் சேர்ந்தது. முனுசாமி பாடையிலேயே தூங்கிவிட்டதாகவும், குறட்டையை டப்பிங்கில் எடுத்துவிட்டதாகவும் கேள்வி. காதர் பாயின் அழுகையை இயக்குநர் அப்படியே வைத்துக்கொண்டார். அந்த வாரம் முழுக்க, யார் அந்தப் புது நடிகர் என்று எல்லாரும் கேட்டார்கள். அதிலிருந்து நான் யாரிடம் வேலை சொன்னாலும், எங்கே நிறுத்த வேண்டும் என்பதையும் சேர்த்தே சொல்வேன். யாராவது மூணு மணிக்கு வீட்டுக்குப் போக வேண்டும் என்றால் ரெண்டுக்கே அனுப்பிவிடுவேன். நீங்களும் அனுப்புங்கள், ஒன்றும் குடிமுழுகிப் போகாது.

அன்று சாப்பிட்டுக் கிளம்பும்போது, பச்சையம்மாள் என் கையில் வெற்றிலை பாக்கைக் கொடுத்தபடி புருஷனைக் காட்டிச் சொன்னார்:

"இன்னா சார் இப்டிப் பண்ணிட்டீங்க? இனிமே இந்த மனுசன் நெஜமாவே செத்தாக்கூட ஒருத்தனும் நம்ப மாட்டானே!"

அதனாலோ என்னவோ, அண்ணனும் இன்றுவரை முயன்று பார்க்கவில்லை.